சிறு வேடங்களின் பெரு நடிகர்: சிரில் கியூசாக்

அயர்லாந்தின் நடிகர்களில் சிரில் கியூசாக் அளவுக்கு நீண்ட திரைவாழ்க்கை வாய்த்தவர்கள் மிகக் குறைவு. அவருடைய முதல் படம் 1918இல் வெளியான மௌனப் படம். கடைசிப் படங்களில் ஒன்று, 1992இல் டாம் குரூஸ் நாயகனாக நடித்த 'ஃபார் அண்ட் அவே'. இரண்டுமே நிலப்பிரபுக்களின் ஆட்களால் வீடிழக்கும் ஐரிஷ் குடியானவர்களின் கதைகள். இடைப்பட்ட 74 ஆண்டுகளில் அவர் நாயகனாக நடித்த படங்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். பாதிரியார், போலீஸ் அதிகாரி, உளவுத்துறைத் தலைவர், துப்பாக்கி செய்பவர், கடைக்காரர், பிரபு என்று சில நிமிடங்களே வந்துபோகும் வேடங்கள்தான் பெரும்பாலும் கிடைத்தன. அந்தச் சில நிமிடங்களில் அவர் செய்துகாட்டியதுதான் அவருடைய புகழ்.

பிறந்தது அயர்லாந்தில் அல்ல. 1910 நவம்பர் 26ஆம் தேதி தென்னாப்பிரிக்காவின் டர்பன் நகரில் பிறந்தார். தந்தை நேட்டால் குதிரைப் போலீசில் வேலை பார்த்தவர். தாய் ஆலிஸ் வயலட் கோல் லண்டனைச் சேர்ந்த நடிகை. சிறுவனுக்கு விவரம் தெரியும் முன்பே பெற்றோர் பிரிந்துவிட்டார்கள். தாய் மகனோடு முதலில் இங்கிலாந்துக்கும் பிறகு அயர்லாந்துக்கும் வந்தார். பிரெஃப்னி ஓ'ரோர்க் என்ற ஐரிஷ் நடிகர் அவருக்குத் துணையானார். இருவரும் ஊர் ஊராகச் சுற்றும் நாடகக் குழுவில் நடித்தார்கள். சிறுவனும் அதே குழுவில் வளர்ந்தான்.

இத்தகைய குழுக்களை அயர்லாந்தில் 'ஃபிட்-அப்' என்பார்கள். போகிற ஊரில் நாடகக் கொட்டகை இருக்காது. ஊர்ப் பொது மண்டபத்திலோ, நீதிமன்றக் கட்டடத்திலோ, தானியக் களஞ்சியத்திலோ குழுவே கொண்டுவந்த பலகைகளையும் திரைகளையும் விளக்குகளையும் பொருத்தி மேடை அமைக்கும். ஒவ்வோர் இரவும் வேறு நாடகம். கண்ணீர் வரவழைக்கும் பெரிய நாடகம் முடிந்ததும் சிரிக்க வைத்து அனுப்ப ஒரு குட்டிக் கேலி நாடகமும் உண்டு. காலையில் ஒத்திகை, பிற்பகலில் மேடை வேலை, இரவில் நடிப்பு, வாரக் கடைசியில் மூட்டை கட்டி அடுத்த ஊர். ஒரே ஆள் ஒரு வாரத்தில் ஆறேழு பேராக மாறியாக வேண்டும். பிற்காலத்தில் கியூசாக் எந்த வேடத்தையும் எளிதாக அணிந்து கழற்றியதற்கு இந்தப் பயிற்சியே அடித்தளம். அவர் சிறுவனாக மேடையேறிய வேடங்களில் ஒன்று 'ஈஸ்ட் லின்' நாடகத்தின் குட்டி வில்லி. தன்னருகே இருப்பவள்தான் தன் தாய் என்று தெரியாமலே இறந்துபோகும் குழந்தை அது. அந்தக் காலத்தில் அரங்கமே அழுது தீர்க்கும் காட்சி.

திரைக்கு வந்ததும் அந்த வயதில்தான். 1916இல் தொடங்கப்பட்ட 'ஃபிலிம் கம்பெனி ஆஃப் அயர்லாந்து' என்ற நிறுவனம், சார்லஸ் கிக்கம் எழுதிய 'நாக்னகவ்' நாவலைப் படமாக்கியது. ஐரிஷ் மக்களிடையே மிகவும் பிரபலமான நாவல் அது. கதை நடந்த டிப்பரேரி மாவட்டத்திலேயே, பெரும்பகுதி திறந்தவெளியில் படப்பிடிப்பு நடந்தது. இயக்கியவர் ஃப்ரெட் ஓ'டோனவன். டப்ளினின் அபே தியேட்டர் நடிகர். குத்தகை பாக்கி என்று சொல்லி ஒரு குடும்பத்தை வீட்டைவிட்டு வெளியேற்றும் காட்சியில் சிறுவன் கியூசாக் வருகிறான். பிரிட்டிஷ் ஆட்சிக்கு எதிரான 1916 எழுச்சியின் சூடு ஆறாத 1918இல் அந்தக் காட்சியைப் பார்த்த ஊர்மக்களுக்கு அது கடந்தகாலக் கதையாகத் தெரிந்திருக்காது. ஐரிஷ் சினிமாவின் முதல் பெரும் முயற்சிகளுள் ஒன்றில் அவர் முகம் பதிந்தது தற்செயல்தான். ஆனால் மேடை நடிகர்கள் சேர்ந்து படம் எடுக்கும் இந்த வழக்கம்தான் அடுத்த அரை நூற்றாண்டுக்கு அயர்லாந்தின் திரைநடிப்பைத் தீர்மானித்தது.

கில்டேர் மாவட்டத்தில் டொமினிக்கன் துறவிகள் நடத்திய நியூபிரிட்ஜ் கல்லூரியில் பள்ளிப்படிப்பு. பிறகு டப்ளின் யூனிவர்சிட்டி காலேஜில் சேர்ந்தார். பட்டம் பெறாமலே விட்டுவிட்டார். 1932இல் அபே தியேட்டரில் நுழைந்தார். வாழ்க்கையில் எல்லாவற்றுக்கும் மேலாக அவரை ஆக்கியது அந்த அரங்குதான்.

கவிஞர் டபிள்யூ. பி. யேட்ஸும் கிரெகரி சீமாட்டியும் முன்னின்று 1904 டிசம்பரில் திறந்த அரங்கு அபே. 1925இல் அயர்லாந்து அரசு அதற்கு 850 பவுண்டு மானியம் கொடுத்தது. ஆங்கிலம் பேசும் நாடுகளில் அரசு மானியம் பெற்ற முதல் நாடக அரங்கு என்ற பெயர் அதனால் கிடைத்தது. தொடக்கத்தில் அங்கே நடிப்புக்கு வடிவம் கொடுத்தவர்கள் ஃபிராங்க் ஃபே, வில்லியம் ஃபே என்ற சகோதரர்கள். வசனத்தைத் தெளிவாகவும் இசைவாகவும் சொல்ல வேண்டும். பேசாதவர் அசையாமல் நின்று பேசுபவரைக் கவனிக்க வேண்டும் என்று பழக்கினார்கள். லண்டன் மேடைகளில் நட்சத்திர நடிகர் நடுவில் நின்று முழங்கிக்கொண்டிருந்த காலத்தில் இது புதுமை. பிறர் பேசுவதைக் கேட்பதும் நடிப்பே என்ற பாடத்தைக் கியூசாக் அளவுக்குத் திரைக்குக் கொண்டுபோனவர் வேறு யாருமில்லை என்று துணிந்து சொல்லலாம். கேமரா அருகில் வந்து பார்ப்பது பேசும் வாயை மட்டுமல்ல, கேட்கும் கண்ணையும்தான்.

1945 வரை அபேயில் அறுபதுக்கும் மேற்பட்ட நாடகங்களில் நடித்தார். ஜான் மில்லிங்டன் சிங் எழுதிய 'தி பிளேபாய் ஆஃப் தி வெஸ்டர்ன் வேர்ல்ட்' நாடகத்தின் கிறிஸ்டி மாஹன் அவருடைய பெயர்பெற்ற வேடம். தந்தையைக் கொன்றுவிட்டதாகச் சொல்லிக்கொண்டு ஓர் ஊருக்கு வரும் கூச்ச சுபாவமுள்ள இளைஞனை அந்த ஊரே வீரனாக்கிவிடுகிறது. அவனும் மெல்ல மெல்ல அதை நம்பி, உண்மையிலேயே வீரனாகிறான். 1907இல் இந்த நாடகம் முதலில் மேடையேறியபோது அபேயில் கலவரம் நடந்தது. கியூசாக்கின் காலத்திலோ அது நாட்டின் செல்வமாகக் கொண்டாடப்பட்டது. ஐரிஷ் மொழியையும் அவர் கற்றுத் தேர்ந்தார்; அந்த மொழியில் நாடகம் எழுதினார், ஐரிஷ் மொழி நாடகக் குழுவை இயக்கவும் செய்தார். டர்பனில் பிறந்து லண்டன் தாயிடம் ஆங்கிலம் கற்ற ஒருவருக்கு இது முயன்று பெற்ற உரிமை.

அபேயை விட்டு வெளியே வந்ததும் சொந்தமாக நாடகக் கம்பெனி தொடங்கினார். அதன் துணிச்சலான செயல் 1955இல் டப்ளின் கெயட்டி தியேட்டரில் ஷான் ஓ'கேசியின் 'தி பிஷப்ஸ் பான்ஃபயர்' நாடகத்தை முதல்முறையாக மேடையேற்றியது. 1928இல் தன் நாடகத்தை அபே நிராகரித்த பிறகு ஓ'கேசி இங்கிலாந்திலேயே தங்கிவிட்டவர். திருச்சபையைக் கடுமையாகச் சாடியவர். கியூசாக்கோ ஆழ்ந்த கத்தோலிக்க நம்பிக்கை உடையவர். இருந்தும் ஊரின் பெரிய எழுத்தாளர் ஒருவரின் புதிய நாடகத்தை டப்ளின் பார்த்தே ஆக வேண்டும் என்று அவர் நினைத்தார். டைரோன் கத்ரி இயக்கினார். முதல் நாள் அரங்கின் வெளியே பெருங்கூட்டம், உள்ளே கேலரியிலிருந்து எதிர்ப்புக் கூச்சல். தன் நம்பிக்கையையும் தன் தொழிலையும் ஒன்றுக்கொன்று பலிகொடுக்காமல் இரண்டையும் காத்துக்கொண்டவர் என்ற மரியாதை இந்த ஒரு செயலுக்காகவே அவருக்கு உரியது.

கம்பெனி லாபம் தருவதாக இல்லை. ஆனால் அதன் வழியே வெளிநாட்டுப் புகழ் வந்தது. 1954இல் 'பிளேபாய்' நாடகம் ஷவோன் மெக்கென்னாவுடன் பாரிஸ் நாடக விழாவுக்குப் போனது. 1957இல் யூஜின் ஓ'நீலின் 'எ மூன் ஃபார் தி மிஸ்பிகாட்டன்' பிராட்வேயில் முதன்முதலாக நடந்தபோது விவசாயத் தந்தை ஃபில் ஹோகனாக நடித்தார். சாமுவேல் பெக்கட்டின் 'கிராப்ஸ் லாஸ்ட் டேப்', ஒரு கிழவர் தன் பழைய குரலை ஒலிப்பதிவு நாடாவில் கேட்கும் ஓராள் நாடகம். இதற்காக 1960இல் பாரிஸில் சர்வதேச விமர்சகர்களின் விருது பெற்றார். அதிலும் பாதி நேரம் அவருடைய வேலை கேட்பதுதான்.

திரையில் நிலைத்த இடம் 1947இல் கிடைத்தது. அதற்குமுன் அபே நடிகர்கள் சிலர் ஹாலிவுட்டுக்குப் போய் வென்றிருந்தார்கள். அரசு அலுவலகக் குமாஸ்தாவாக இருந்துகொண்டே அபேயில் நடித்த பாரி ஃபிட்ஸ்ஜெரால்ட் அவர்களில் முதன்மையானவர். 1944இல் வந்த 'கோயிங் மை வே' படத்துக்காக ஆஸ்கர் வாங்கினார். கியூசாக் அந்த வழியில் போகவில்லை. கேரல் ரீட் பெல்ஃபாஸ்ட் நகரப் பின்னணியில் 'ஆட் மேன் அவுட்' எடுத்தபோது துணை வேடங்களுக்கு அபே நடிகர்களை அள்ளிக்கொண்டார். எஃப். ஜே. மெக்கார்மிக், டெனிஸ் ஓ'டே, முதியவரான வில்லியம் ஃபே, இவர்களோடு கியூசாக். கொள்ளையடித்துவிட்டுத் தப்பும் காரை ஓட்டும் பாட் என்ற வேடம் அவருக்கு. சாலையில் விழுந்துவிட்ட தலைவனைத் திரும்பிப்போய் எடுப்பதா, ஓடிவிடுவதா என்று காருக்குள் நடக்கும் வாக்குவாதத்தில் அவர் முகத்தில் தெரியும் அச்சமே அந்தப் படத்தின் துயரம் அனைத்துக்கும் விதை.

பிரிட்டிஷ் படங்கள் தொடர்ந்தன. மைக்கேல் பவல், எமெரிக் பிரஸ்பர்கர் இரட்டையர் 'தி ஸ்மால் பேக் ரூம்' படத்தில் திக்குவாயுள்ள வெடிமருந்து நிபுணராகவும், 'கான் டு எர்த்' படத்தில் ஜெனிஃபர் ஜோன்ஸை மணக்கும் பாதிரியாராகவும் நடிக்கவைத்தார்கள். ஜான் ஃபோர்டு அயர்லாந்து வந்து எடுத்து 1957இல் வெளியான 'தி ரைசிங் ஆஃப் தி மூன்' படத்தின் முதல் கதை இவற்றுள் தனியாகச் சொல்ல வேண்டியது. முதியவர் ஒருவரைக் கைது செய்ய வேண்டிய போலீஸ் அதிகாரி, வந்த காரியத்தைச் சொல்ல மனம் வராமல் குசலம் விசாரிக்கிறார், பழங்கதை பேசுகிறார். முதியவரும் அதைத் தெரிந்துகொண்டே உபசரிக்கிறார். கியூசாக்கின் அதிகாரி ஒருமுறைகூடக் குரலை உயர்த்துவதில்லை.

1958இல் டப்ளினுக்குத் தெற்கே பிரே ஊரில் ஆர்ட்மோர் ஸ்டுடியோ திறக்கப்பட்டது. அபே நாடகங்களையும் நடிகர்களையும் திரைக்குக் கொண்டுவருவதே அதன் தொடக்கக் கனவு. நடைமுறையில் அது வெளிநாட்டுக் கம்பெனிகளுக்கு வாடகைக் கூடமாகவே ஓடியது. ஐரிஷ் நடிகர்களுக்குத் துணை வேடங்களே மிஞ்சின. 'ஷேக் ஹேண்ட்ஸ் வித் தி டெவில்' போன்ற படங்களில் கியூசாக்குக்கும் அதே நிலைதான். வருத்தப்பட வேண்டிய நிலை. தன் நாட்டுக் கதையை அந்நிய முதலாளிக்காக நடித்துக்கொடுக்கும் கூலியாக ஒரு தலைமுறை நடிகர்கள் இருந்தார்கள். ஆனாலும் அந்தக் கட்டாயத்துக்குள்தான் கியூசாக்கின் மிகச் சிறந்த மூன்று வேடங்கள் பிறந்தன.

முதலாவது, ஜான் லெ கரேயின் நாவலை மார்ட்டின் ரிட் 1965இல் எடுத்த 'தி ஸ்பை ஹூ கேம் இன் ஃப்ரம் தி கோல்ட்'. டப்ளினின் ஸ்மித்ஃபீல்ட் சதுக்கத்தில்தான் பெர்லின் எல்லைச் சாவடி அமைக்கப்பட்டது. கியூசாக் பிரிட்டிஷ் உளவுத்துறையின் தலைவர். ரிச்சர்ட் பர்ட்டனின் சோர்ந்த உளவாளியிடம், வீட்டுக்கு வந்த மருமகனிடம் உடம்பு விசாரிப்பதுபோல மென்மையாகப் பேசுகிறார். எதிரி எந்த அளவு கொடுமை செய்கிறானோ அதே அளவு நாமும் செய்தாக வேண்டியிருக்கிறது என்பதை அதே மென்மையில் சொல்லி முடிக்கிறார். கதை முடிவில் அந்த மனிதனையும் ஒரு பெண்ணையும் அவர் எப்படிப் பயன்படுத்தினார் என்று தெரியவரும்போது, அந்த மென்மைதான் நெஞ்சை அறுக்கிறது.

அடுத்த ஆண்டே பிரான்சுவா த்ருஃபோவின் 'ஃபாரன்ஹீட் 451'. புத்தகங்களைத் தேடி எரிக்கும் தீயணைப்புப் படையின் கேப்டன் அவர். தனக்குக் கீழே வேலை செய்யும் மான்டாகிடம் பேசும்போது 'நீ' என்றே சொல்வதில்லை. விடுமுறையில் மான்டாக் என்ன செய்கிறார் என்று, எதிரில் நிற்பவனையே படர்க்கையில் விசாரிக்கிறார். கிழவி ஒருத்தியின் ரகசிய நூலகம் அகப்பட்டதும் குதூகலத்தோடு அலமாரிகளுக்கிடையே நடக்கிறார். நாவல்கள் மக்களை ஏங்கவைக்கும், தத்துவம் ஒருவரைவிட ஒருவரைப் பெரியவராக நினைக்கவைக்கும் என்று ஒவ்வொரு நூலாகத் தூக்கிப் போட்டுக் காரணம் சொல்கிறார். விரல்கள் மட்டும் அந்த அட்டைகளை ஆசையோடு தடவுகின்றன. இந்த மனிதர் இவற்றையெல்லாம் படித்திருக்கிறார் என்ற திகிலான ஐயம் பார்ப்பவருக்குப் பிறக்கிறது. அதைச் சொல்லும் வசனத்தைவிட அந்த விரல்களே அதிகம் சொல்கின்றன.

மூன்றாவது, ஃப்ரெட் ஸின்னமன் 1973இல் எடுத்த 'தி டே ஆஃப் தி ஜக்கால்'. பிரெஞ்சு அதிபர் டி கோலைக் கொல்ல ஏற்பாடான கொலைகாரன், தனித் துப்பாக்கி ஒன்று செய்துதரச் சொல்லி ஜெனோவாவில் ஒரு கைவினைஞரிடம் வருகிறான். சுடப்படும் நபர் நடந்துகொண்டிருப்பாரா, நின்றுகொண்டிருப்பாரா. குறி தலைக்கா, மார்புக்கா. இரண்டாவது குண்டுக்கு நேரம் இருக்குமா என்று கியூசாக் பணிவோடு ஒவ்வொன்றாகக் கேட்கிறார். யாரைச் சுடப் போகிறான் என்று மட்டும் கேட்பதில்லை. பிறகு குழாய்க்குள் ஒளித்து எடுத்துப்போகும் அந்தத் துப்பாக்கியைப் பொருத்திக் காட்டும்போது அவர் முகத்தில் நல்ல வேலை செய்துமுடித்தவனின் அடக்கமான பெருமை. அதே கதையில் போலிச் சான்றிதழ் செய்துகொடுப்பவன் பேராசைப்பட்டுக் கொலைகாரனை மிரட்டி உயிரை விடுகிறான்; தொழிலை மட்டும் பார்த்த இவர் பிழைக்கிறார். திரையில் அவர் வரும் நேரம் மிகக் கொஞ்சம். ஆனால் அந்தப் படத்தைப் பார்த்தவர்களுக்கு அவரை மறப்பது கடினம்.

இதே காலத்தில் இத்தாலியும் அவரை அழைத்தது. லிலியானா கவானியின் 'கலிலியோ'வில் நாயகன் அவரே. 'சாக்கோ அண்ட் வான்செட்டி'யில் அப்பாவிகளுக்கு எதிராக வாதாடும் அரசு வழக்கறிஞர். ஃப்ராங்கோ செஃபிரெல்லி முன்பு 'தி டேமிங் ஆஃப் தி ஷ்ரூ'விலும் பிறகு 'ஜீசஸ் ஆஃப் நாசரேத்' தொலைக்காட்சித் தொடரிலும் வேடம் கொடுத்தார். பீட்டர் புரூக்கின் 'கிங் லியர்', ஹெரால்டு பின்ட்டரின் 'தி ஹோம்கமிங்' படங்களிலும் அவர் உண்டு.

1978இல் வந்த 'போச்சீன்' இவை எல்லாவற்றிலிருந்தும் வேறானது. முழுக்க ஐரிஷ் மொழியில் எடுக்கப்பட்ட முதல் கதைப்படம் அது. பாப் குவின் கன்னமாராவின் கல்லும் சதுப்பும் நிறைந்த நிலத்தில், சிறு செலவில் எடுத்தார். போச்சீன் என்பது அந்தப் பகுதியின் கள்ளச்சாராயம். அதைக் காய்ச்சும் கிழவராகக் கியூசாக்; அவருக்காகச் சரக்கை விற்று, பிறகு துரோகம் செய்யும் இரண்டு தரகர்களாக டோனல் மெக்கான், நைல் டோபின். தன் மகளையும் தன்னையும் மிரட்டும் அந்த இருவரையும் கிழவர் ஓட்டைப் படகில் ஏரிக்கு அனுப்பி மூழ்கடித்துவிடுகிறார். பச்சை வயல், சிரிக்கும் குடியானவர், சண்டை முடிந்ததும் கைகுலுக்கல் என்று ஹாலிவுட் விற்ற அயர்லாந்து இதில் துளியும் இல்லை. ஆறு ஏழு வயதில் ஐரிஷ் படம் ஒன்றில் தோன்றிய குழந்தை, ஐரிஷ் மொழி பேசும் முதல் படத்தை 67 வயதில் தன் தோளில் தாங்கியது திரை வரலாற்றில் அபூர்வமான நிகழ்வு. பணத்துக்காக ஏற்ற வேடங்களில் காட்டிய அக்கறையைவிட இதில் காட்டியது சற்றும் குறைவல்ல; கூடுதலென்றே தோன்றுகிறது.

அயர்லாந்தில் 1961 கடைசி நாளில் தொடங்கிய தொலைக்காட்சியும் அவரைப் பயன்படுத்திக்கொண்டது. 1913 டப்ளின் தொழிலாளர் கதவடைப்பைப் பற்றி ஜேம்ஸ் பிளங்கெட் எழுதிய 'ஸ்ட்ரம்பெட் சிட்டி' நாவலை நாட்டின் ஒளிபரப்பு நிறுவனமான ஆர்டிஇ 1980இல் தொடராக்கியது. தொழிற்சங்கத் தலைவர் லார்க்கினாக பீட்டர் ஓ'டூல். கியூசாக், குடிக்கு அடிமையான பாதிரியார் கிஃப்லி. ஏழைகளின் பசியைப் பார்த்தும் ஒன்றும் செய்ய முடியாத, தன்னையும் தன் சபையையும் வெறுக்கும் மனிதர் அவர். நம்பிக்கையுள்ள கத்தோலிக்கர் ஒருவர் இந்த வேடத்துக்குக் கொடுத்த பரிவு தொடரின் உச்சங்களில் ஒன்று. பிற்பாடு 'கிளென்ரோ' என்ற கிராமத் தொடரில் பீட்டர் மாமாவாக வந்து, வீட்டுக்கு வீடு தெரிந்த முகமானார்.

மைக்கேல் ராட்ஃபோர்டு எடுத்த '1984' படத்தில் பழைய பொருட்கள் விற்கும் கிழவர் சாரிங்டன். கடைசியில், மக்களின் எண்ணங்களை வேவுபார்க்கும் எண்ணப் போலீஸின் ஆளாக அவர் திரும்பி வரும்போது நடையும் குரலும் வேறு. 'லிட்டில் டாரிட்'டில் கிளாரினெட் வாசிக்கும் சித்தப்பா, 'மை லெஃப்ட் ஃபுட்'டில் பிரபு காசில்வெல்லண்ட். 1989இல் 'டேனி தி சாம்பியன் ஆஃப் தி வேர்ல்ட்' படத்தில் மருமகன் ஜெரமி அயன்ஸ், பேரன் சாமுவேல் இருவரோடும் நடித்தார்.

நடிப்பு அந்தக் குடும்பத்தின் குலத்தொழிலாகவே ஆகியிருந்தது. மகள்கள் ஷினேட், சோர்ச்சா, நீவ், கேத்தரின் நால்வரும் நடிகைகள். 1990இல் டப்ளின் கேட் தியேட்டரில் செகாவின் 'மூன்று சகோதரிகள்' மேடையேறியபோது முதல் மூவரும் சகோதரிகளாக நடித்தார்கள். தந்தை, குடித்துவிட்டு வீட்டைச் சுற்றிவரும் கிழட்டு மருத்துவர் செபுதிகினாக. பிறகு அந்த நாடகம் லண்டனுக்கும் போனது.

நரம்புகளைச் செயலிழக்கச் செய்யும் மோட்டார் நியூரான் நோயால் 1993 அக்டோபர் 7ஆம் தேதி லண்டனில் இறந்தார். 1987இல் அரசு முடக்கிய ஐரிஷ் திரைப்பட வாரியம் உயிர்பெற்றதும் அவர் இறந்த அதே ஆண்டில்தான். உள்நாட்டிலேயே படம் எடுக்கப் பணம் கிடைத்ததால், மேடையிலிருந்து வந்த ஐரிஷ் நடிகர்களுக்குத் தங்கள் கதைகளிலேயே முதன்மை வேடங்கள் அமையத் தொடங்கின. அவர்களில் ஒருவரான பிரெண்டன் க்ளீசன், பள்ளி ஆசிரியர் வேலையை விட்டுவிட்டு முழுநேர நடிகரான புதிதில், 'ஃபார் அண்ட் அவே'யில் ஒரு சின்ன வேடம் செய்திருந்தார்.